டெஸ்டோஸ்டீரோன் ஊசியா, எச்.சி.ஜி. ஊசியா? சீட்டில் ‘ஹைப்போகொனாடிசம்’ என்று வந்தால்

ஆணுக்கு ஹார்மோன் குறைவு என்று உறுதியானதும் டாக்டர் எழுதக்கூடிய ஊசிகளில் முக்கியமானவை இரண்டு. ஒன்று ஆண் ஹார்மோனான டெஸ்டோஸ்டீரோன், இன்னொன்று விதையையே அதைச் சுரக்க வைக்கும் எச்.சி.ஜி. இரண்டுமே ரத்தத்தில் டெஸ்டோஸ்டீரோன் அளவை ஏற்றும். இரண்டிலும் மீசை தாடி அடர்த்தியாகும், தெம்பு வரும், ஆசையும் விறைப்பும் திரும்பும். ஆனால் முதல் ஊசி விந்தணு உற்பத்தியை அணைத்துவிடும். இரண்டாவது அதை ஆரம்பித்து வைக்கும்.

தண்டையார்பேட்டையில் மருந்துக்கடையில் நிற்கிறவன் நான். டெஸ்டோஸ்டீரோன் சீட்டை நீட்டும் இளவட்டங்களிடம் “குழந்தை இருக்கா தம்பி?” என்று கேட்பது என் வழக்கம். “இல்லண்ணே, அதுக்குத்தானே இந்த ஊசி” என்று சிலர் சொல்லும்போது திக்கென்று இருக்கும். டாக்டரிடம் குழந்தை விஷயத்தைச் சொன்னாயா என்று கேட்டால் பதில் வராது. உடம்பு சோர்வாக இருக்கிறது என்று மட்டும் சொல்லிவிட்டு வந்திருப்பார்கள். கல்யாணமாகி வருஷம் திரும்புவதற்குள் “ஏதாவது விசேஷம் உண்டா?” என்று தெருவே கேட்கிற ஊர் இது. அந்தக் கேள்விக்குப் பயந்து ஓடுகிறவர், அதற்கு நேர் எதிரான ஊசியைப் போட்டுக்கொள்வது கொடுமை.

சீட்டில் இருக்கும் பெயரை முதலில் பார்த்துவிடலாம். பழைய மருத்துவப் புத்தகங்களில் ‘ஹைப்போஜெனிட்டலிசம்’ என்று ஒரு சொல் உண்டு. பிறப்புறுப்பு வயதுக்கேற்ற வளர்ச்சி அடையாமல் இருப்பது என்று பொருள். இது கண்ணுக்குத் தெரிவதற்கு வைத்த பெயர். காரணம் என்ன என்று சொல்லாது. 1901-இல் வியன்னாவில் ஆல்ஃபிரட் ஃப்ரோலிக் என்ற மருத்துவர், ஒரு பையனின் உடல் பருமனுக்கும் பிறப்புறுப்பு வளர்ச்சிக் குறைவுக்கும் மூளையின் அடியில் இருந்த கட்டியோடு தொடர்பு உண்டு என்று எழுதினார். அதற்குப் பிறகு குண்டான பையன்களுக்கெல்லாம் அவர் பெயரை ஒட்டிவிடும் பழக்கம் வந்து, ரொம்ப நாள் கழித்துத்தான் போனது. இன்று டாக்டர்கள் எழுதுவது ‘ஹைப்போகொனாடிசம்’. ஆணுக்கு விதையும் பெண்ணுக்குச் சினைப்பையும் செய்ய வேண்டிய வேலையைக் குறைவாகச் செய்கின்றன என்று அர்த்தம். பெண்களின் கதை தனி. இங்கே ஆண்களைப் பற்றி மட்டும்.

இரண்டு சொல்லும் ஒன்றல்ல என்பது சீட்டைப் படிக்கும்போது உதவும். பருவ வயதுக்கு முன்பே ஹார்மோன் இல்லாமல் போனால் இரண்டும் சேர்ந்து வரும்: உறுப்பு சின்னதாகவே நிற்கும், குரல் உடையாது, முகத்தில் முடி வராது. 35 வயதில் ஒருவருக்கு பிட்யூட்டரியில் கட்டி வந்தால் ஹைப்போகொனாடிசம் இருக்கும், ஆனால் உறுப்பு முன்பே முழுதாக வளர்ந்திருக்கும். இதற்கு நேர்மாறாக, ஹார்மோன் எல்லாம் சரியாக இருந்தும் தனக்குச் சின்னதாக இருக்கிறது என்று மருகுகிறவர்களும் நிறைய. பெரியவர்களுக்கு இழுத்து அளந்த நீளம் சுமார் 9.3 செ.மீ.க்குக் கீழே இருந்தால்தான் மருத்துவம் அதை மைக்ரோபீனிஸ் என்று கணக்கில் எடுக்கும். அடிவயிற்றுக் கொழுப்பில் பாதி புதைந்திருப்பதைப் பார்த்துவிட்டுப் பயப்படுகிறவர்களுக்கு வைத்தியம் ஊசி இல்லை, தொப்பையைக் குறைப்பது. பருவ வளர்ச்சி முழுதாக முடிந்த ஒருவருக்கு எந்த ஹார்மோனும் நீளத்தைக் கூட்டித் தராது. அப்படிச் சொல்லி விற்கிறவரை நம்பாதீர்கள்.

எந்த ஊசி என்று கேட்பதற்கு முன்பு, பழுது எங்கே என்று தெரிய வேண்டும். மூளைக்கு அடியில் இருக்கும் பிட்யூட்டரி சுரப்பி எல்.எச்., எஃப்.எஸ்.எச். என்று இரண்டு ஹார்மோன்களை அனுப்புகிறது. விதைக்கு அவைதான் உத்தரவு. எல்.எச். வந்தால் டெஸ்டோஸ்டீரோன் சுரக்கும், அதோடு எஃப்.எஸ்.எச்.சும் சேர்ந்தால் விந்தணு உருவாகும். ரத்தப் பரிசோதனையில் டெஸ்டோஸ்டீரோன் குறைவாகவும், எல்.எச்., எஃப்.எஸ்.எச். இரண்டும் எகிறியும் இருந்தால், பிட்யூட்டரி கத்திக் கத்திப் பார்த்தும் விதை அசையவில்லை என்று புரிந்துகொள்ளலாம். பழுது விதையிலேயே. டெஸ்டோஸ்டீரோன் குறைந்து, அந்த இரண்டும் குறைவாகவோ, ஒன்றும் நடக்காததுபோல் சாதாரண அளவிலோ இருந்தால், உத்தரவே வரவில்லை. பழுது மேலே. முதல் வகைக்கு எச்.சி.ஜி. கொடுத்துப் பயனில்லை. இரண்டாவது வகைக்கு அதுதான் உயிர்.

விதையிலேயே பழுது என்றால் அதிகம் காணப்படும் பிறவிக் காரணம் க்ளைன்ஃபெல்டர். 1942-இல் ஹாரி க்ளைன்ஃபெல்டர் விவரித்தது. ஒரு எக்ஸ் குரோமோசோம் கூடுதலாக இருப்பதுதான் காரணம் என்று 1959-இல் தெரியவந்தது. ஆண்களில் ஏறக்குறைய 500 முதல் 1,000 பேருக்கு ஒருவருக்கு இருக்கும், பலருக்குக் கடைசிவரை தெரியாமலே போகும். பருவ வயதுக்குப் பிறகு வந்த பொன்னுக்கு வீங்கி விதைக்கு இறங்கியது, சின்ன வயதில் விதை இறங்காமலே இருந்தது, முறுக்கிக்கொண்டது, புற்றுநோய்க்குக் கொடுத்த கீமோ, கதிர்வீச்சு ஆகியவையும் இந்தப் பக்கம் வரும்.

மேலே பழுது என்றால் பிட்யூட்டரிக் கட்டி, பால் சுரக்க வைக்கும் புரோலாக்டின் என்ற ஹார்மோன் அதிகமாவது, தலையில் பலத்த அடி, அப்புறம் பிறவியிலேயே உத்தரவு வராத நிலை. இதில் கால்மன் என்று ஒரு வகை, 1944-இல் விவரிக்கப்பட்டது. அவர்களுக்கு வாசனையே தெரியாது. முகர்வு நரம்பும், உத்தரவைத் தொடங்கி வைக்கும் செல்களும் கருவில் ஒரே இடத்திலிருந்து புறப்படுவதால், ஒன்று தடைபட்டால் இன்னொன்றும் நின்றுவிடுகிறது. காசிமேட்டுப் பக்கம் வளர்ந்தும் கருவாட்டு வாடை தெரியாத ஒரு பையனுக்கு இருபது வயதில் மீசை அரும்பவில்லை என்றால், டாக்டரிடம் இரண்டையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். வீட்டில் இரண்டையும் யாரும் இணைத்துப் பார்க்க மாட்டார்கள்.

பரிசோதனை எடுக்கும் நேரமும் முக்கியம். டெஸ்டோஸ்டீரோன் காலையில் உச்சத்தில் இருந்து சாயங்காலத்துக்குள் இறங்கிவிடும். வெறும் வயிற்றில், காலை 7 மணியிலிருந்து 10 மணிக்குள், வேறு வேறு இரண்டு நாட்களில் எடுத்து இரண்டிலும் குறைந்திருந்தால்தான் குறைவு. டெசிலிட்டருக்கு 300 நானோகிராமுக்குக் கீழே என்பது பல டாக்டர்கள் பிடித்துக்கொள்ளும் எல்லை. ஆனால் நம்ம பகுதியில் பாதிப் பேரின் உடம்புக்குக் காலை எது, ராத்திரி எது என்று தெரியாது. நடுராத்திரியில் படகேறுகிறவர், மணலி, எண்ணூர்ப் பக்கம் நைட் ஷிப்ட் பார்க்கிறவர், துறைமுகத்தில் லாரியோடு காத்துக்கிடக்கிறவர். இவர்கள் வேலை முடிந்த கையோடு லேபுக்குப் போனால் ரிப்போர்ட் குறைவாக வரலாம். இரண்டு மூன்று ராத்திரி ஒழுங்காகத் தூங்கிவிட்டு எடுங்கள். காய்ச்சல் வந்து தேறுகிற வாரத்திலும் எடுக்க வேண்டாம்.

கூடவே புரோலாக்டின், தைராய்டு, தேவைப்பட்டால் பிட்யூட்டரிக்கு எம்.ஆர்.ஐ., விதையில் பழுது என்றால் குரோமோசோம் சோதனை. டாக்டர் கையில் மணிமாலை மாதிரி ஒன்று இருக்கும். 1 மில்லியிலிருந்து 25 மில்லி வரை அளவு பொறித்த மணிகள் கோத்தது. அதோடு ஒப்பிட்டு விதையின் அளவைப் பார்ப்பார். வளர்ந்த ஆணுக்கு 15 மில்லி, அதற்கு மேல் இருக்கும். க்ளைன்ஃபெல்டரில் பெரும்பாலும் 5 மில்லிகூட இருக்காது, கெட்டியாகவும் இருக்கும். ஆடையைக் களைந்து பரிசோதிக்காமலே ஹார்மோன் ஊசி எழுதும் இடத்திலிருந்து எழுந்து வந்துவிடுவது நல்லது.

டெஸ்டோஸ்டீரோன் பக்கம்

நல்லதை முதலில் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இந்த மருந்தை வில்லனாக்குவது என் நோக்கமில்லை. குழந்தை பெற்று முடித்தவருக்கும், விதையிலேயே பழுது உள்ளவருக்கும், இன்னும் கல்யாணப் பேச்சே எடுக்காத இருபது வயதுப் பையனுக்கும் இதுதான் எளிதான, நேரான வழி. எலும்பு வலுப்படும், தசை ஏறும், மனச்சோர்வு கொஞ்சம் விலகும். போடுவதும் சுலபம். நான்கு எஸ்டர் (டெஸ்டோஸ்டீரோனின் வேதி வடிவங்கள்) கலந்த 250 மி.கி. ஊசி இரண்டு முதல் நான்கு வாரத்துக்கு ஒருமுறை. 1,000 மி.கி. அண்டெக்கனோயேட் ஊசி என்றால் முதல் ஊசிக்கு ஆறு வாரம் கழித்து இரண்டாவது, அப்புறம் 10 முதல் 14 வாரத்துக்கு ஒருமுறை. வருஷத்துக்கு நான்கைந்து ஊசியோடு முடிந்துவிடும். பழைய வகையான கலப்பு எஸ்டர் ஊசி விலை குறைவு, ஆனால் போட்ட சில நாள் உற்சாகம் தலைக்கேறி, அடுத்த ஊசி நெருங்கும்போது துவண்டு போவதாகப் பலர் சொல்வார்கள். சில பிராண்டுகளில் வேர்க்கடலை எண்ணெய் இருக்கிறது. கடலை ஒத்துக்கொள்ளாதவர் முன்கூட்டியே சொல்ல வேண்டும்.

ஜெல்லும் உண்டு. தினம் காலையில் தோளிலோ கையிலோ தடவிக்கொள்வது. அளவு சீராக இருக்கும், ஊசி வலி கிடையாது. இருந்தாலும் நம்ம வீடுகளுக்கு நான் ஜெல்லைச் சொல்லத் தயங்குவேன். ஒரே அறையில் நான்கு பேர் படுக்கிற வீட்டில், அண்ணன் குழந்தை சித்தப்பா தோளில் சாய்ந்து தூங்கும். தோலோடு தோல் பட்டால் மருந்து ஒட்டிக்கொள்ளும். சின்னப் பிள்ளைகளுக்கு வயதுக்கு மீறிய முடியும் வளர்ச்சியும் வந்த சம்பவங்கள் மருத்துவ உலகில் பதிவாகியிருக்கின்றன. தடவிய இடம் காய்ந்து, சட்டை போட்டு மூடி, கையை சோப்புப் போட்டுக் கழுவ முடிகிறவருக்குத்தான் ஜெல்.

இப்போது விந்தணு விஷயம். வெளியிலிருந்து டெஸ்டோஸ்டீரோன் வந்ததும் பிட்யூட்டரி, ‘ஏற்கனவே நிறைய இருக்கிறதே’ என்று எல்.எச்., எஃப்.எஸ்.எச். இரண்டையும் நிறுத்திவிடும். விதைக்குள் இருக்க வேண்டிய டெஸ்டோஸ்டீரோன், ரத்தத்தில் இருப்பதைவிடப் பல மடங்கு அதிகம். ஊசியால் ரத்தத்தில் அளவு நிறைந்தாலும் விதைக்குள் வறட்சிதான். கொஞ்சம் கொஞ்சமாக விந்தணு குறைந்து பூஜ்யத்துக்கு வரும், விதையும் சுருங்கும். இதை ஆண்களுக்கான கருத்தடையாகவே சோதித்துப் பார்த்தார்கள். உலக சுகாதார நிறுவனத்தின் ஆய்வு 1990-இல் வெளிவந்தது. ஆரோக்கியமான 271 ஆண்களுக்கு வாரம் 200 மி.கி. டெஸ்டோஸ்டீரோன் கொடுத்தார்கள். விந்தணு பூஜ்யமான 157 பேரை வேறு கருத்தடை எதுவும் இல்லாமல் ஒரு வருஷம் கவனித்ததில் ஒரே ஒரு கர்ப்பம். ஐரோப்பியர்களைவிட ஆசிய ஆண்களுக்கு விந்தணு இன்னும் எளிதாக அணைந்து போனது என்பதும் அந்த வரிசை ஆய்வுகளில் தெரிந்தது.

நிறுத்தினால் திரும்புமா என்றால், திரும்பும். இப்படிப்பட்ட ஆய்வுகளைத் திரட்டிப் பார்த்து 2006-இல் வெளியான கணக்கின்படி, ஒரு வருஷத்தில் பத்தில் ஒன்பது பேருக்கு மில்லிக்கு இரண்டு கோடி என்ற அளவுக்கு விந்தணு திரும்பியது. இரண்டு வருஷத்தில் எல்லோருக்கும். ஆனால் அவர்கள் முதலிலேயே ஆரோக்கியமாக இருந்தவர்கள். ஏற்கனவே உத்தரவு வராத உடம்பில் ஊசியை நிறுத்தினால் பழைய வெறுமைக்குத்தான் திரும்பும், அங்கிருந்து எச்.சி.ஜி.யைத் தொடங்க வேண்டும். முப்பதைத் தாண்டிய மனைவி இருக்கும் வீட்டில் இந்தக் காத்திருப்பு சாதாரணமில்லை.

கவனிக்க வேண்டிய மற்றவை: ரத்தம் கெட்டியாகும், ஹெமடோக்ரிட் (ரத்தத்தில் சிவப்பணுக்களின் பங்கு) 54 சதவீதத்தைத் தாண்டினால் மருந்தை நிறுத்தி வைப்பார்கள். தூக்கத்தில் மூச்சு அடைக்கிறவருக்கு அது கூடலாம். புராஸ்டேட், மார்பகப் புற்றுநோய் உள்ளவருக்குக் கொடுக்கக் கூடாது. இதய நோய்ப் பயம் பற்றி ரொம்ப காலம் சர்ச்சை இருந்தது. இதய நோயோ அதற்கான ஆபத்தோ உள்ள, 45 முதல் 80 வயது வரையிலான 5,000-க்கும் மேற்பட்ட ஆண்களிடம் நடத்திய சோதனை 2023-இல் வெளியானது. மாரடைப்பும் பக்கவாதமும் மருந்தால் கூடவில்லை. ஆனால் இதயத் துடிப்புத் தாளம் தப்புவதும் நுரையீரலில் ரத்தம் உறைவதும் கொஞ்சம் அதிகமாகத் தெரிந்தன. மூன்று மாதம், ஆறு மாதம் என்று ரத்தம் பார்க்காமல் ஊசியை மட்டும் தொடர்வது சரியில்லை.

எச்.சி.ஜி. பக்கம்

எச்.சி.ஜி. என்பது கர்ப்பிணிகள் உடம்பில் உண்டாகும் ஹார்மோன். பிள்ளை உண்டாகியிருக்கிறதா என்று பார்க்கும் அட்டையில் கோடு விழுவதும் இதனால்தான். “பொம்பளைங்க ஊசியை எனக்கு எழுதியிருக்காங்கண்ணே” என்று முகம் சுண்டிப்போய் வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன். விதைக்கு இது எல்.எச். மாதிரியே தெரியும். உத்தரவு வந்துவிட்டது என்று வேலையைத் தொடங்கும். டெஸ்டோஸ்டீரோன் விதைக்குள்ளேயே சுரக்கும், அதனால் விந்தணுவுக்கும் வழி பிறக்கும்.

சாதாரணமாக 1,500 முதல் 2,000 யூனிட், வாரத்துக்கு இரண்டு மூன்று முறை. மூன்று முதல் ஆறு மாதம் போட்டு டெஸ்டோஸ்டீரோன் சரியான அளவுக்கு வந்த பிறகும் விந்தணு வரவில்லை என்றால், எஃப்.எஸ்.எச். அல்லது அதே வேலையைச் செய்யும் எச்.எம்.ஜி. ஊசி 75 முதல் 150 யூனிட் வாரம் மூன்று முறை சேரும். பணப்பையை இளைக்க வைப்பது இந்த இரண்டாவது ஊசிதான். ஒரு விந்தணு உருவாகி முடிய இரண்டரை மாதத்துக்கு மேல் ஆகும்; அதனால் மாதா மாதம் டெஸ்ட் எடுத்து மனசு உடைவதில் அர்த்தமில்லை. பலன் தெரிய ஆறு மாதம், சிலருக்கு இரண்டு வருஷம். பிறவியிலேயே உத்தரவு வராதவர்களில் ஏறக்குறைய நான்கில் மூன்று பேருக்கு இந்த வைத்தியத்தில் விந்தணு வருகிறது. விதை கொஞ்சமாவது வளர்ந்திருப்பவருக்கும், பருவம் வந்த பிறகு பிட்யூட்டரி பாதித்தவருக்கும் சீக்கிரம் வரும். சின்ன வயதில் விதை இறங்காமல் இருந்தவருக்கு நேரமாகும், சிலருக்கு வராமலும் போகும். மில்லிக்கு 1.6 கோடி என்ற சாதாரண அளவின் கீழ்வரம்பை எட்டாமலே, சில லட்சங்களிலேயே மனைவி கருத்தரிப்பது இவர்களிடம் சகஜம். எண்ணிக்கையைப் பார்த்துவிட்டு உடனே ஐ.வி.எஃப். என்று ஓட வேண்டாம் என்பது இதனால்தான்.

கஷ்டம் தினசரி வாழ்க்கையில் இருக்கிறது. பொடியும் தண்ணீருமாக வரும் மருந்தைக் கலந்த பிறகு ஃப்ரிட்ஜில்தான் வைக்க வேண்டும். வீட்டில் ஃப்ரிட்ஜ் இருக்கிறதா, கூட்டுக் குடும்பத்தில் அதைத் திறக்கும் அத்தனை பேருக்கும் பதில் சொல்ல முடியுமா என்பதெல்லாம் மருந்து வேலை செய்வதைத் தீர்மானிக்கும். கடலுக்குப் போய் ஒரு வாரம் பத்து நாள் தங்குகிறவரால் வாரம் மூன்று ஊசி எப்படி முடியும்? டாக்டரிடம் தொழிலைச் சொல்லிவிட்டால், ஒரே வேளையில் தீர்கிற அளவு மருந்துக் குப்பிகளையும், ஊசி போடும் நாட்களை மாற்றிக்கொள்ளும் வழியையும் அவர் யோசிப்பார். தோலுக்கு அடியில் போடும் ஊசிதான் என்பதால், சுகர் பேஷன்ட் இன்சுலின் போடுவதுபோல நீங்களே போடக் கற்றுக்கொள்ளலாம். தெருமுனை கிளினிக்குக்கு வாரம் மூன்று தடவை அலையவும் வேண்டாம், அங்கே உட்கார்ந்திருக்கும் பக்கத்து வீட்டு அக்காவுக்கு விளக்கம் சொல்லவும் வேண்டாம்.

பக்க விளைவு பெரிதாக இல்லை. மார்பு கொஞ்சம் வீங்கலாம், பரு வரலாம். விந்தணு வந்ததும் கொஞ்சம் உறைய வைத்துப் பாதுகாப்பது புத்திசாலித்தனம். இரண்டாவது குழந்தைக்கு மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டியதில்லை. குழந்தை ஆசை முடிந்ததும் டெஸ்டோஸ்டீரோனுக்கு மாறிக்கொள்ளலாம்.

யாருக்கு எது

கல்யாணமாகி, இப்போதே குழந்தை வேண்டும், பழுது மேலே: சந்தேகமே இல்லாமல் எச்.சி.ஜி. செலவு கூடுதல், காலம் கூடுதல், அலைச்சல் கூடுதல். ஆனால் கேட்ட பலனைக் கொடுப்பது இதுதான்.

இருபது இருபத்திரண்டு வயது, பருவமே சரியாக வராத பையன், கல்யாணம் தொலைவில்: டெஸ்டோஸ்டீரோனில் தொடங்குவதில் தவறில்லை. குரல் உடையாமல், நண்பர்கள் மத்தியில் கேலிக்கு ஆளாகி ஒடுங்கிக் கிடக்கும் பையனுக்கு இரண்டு வருஷம் எச்.சி.ஜி. எஃப்.எஸ்.எச். என்று செலவிடச் சொல்ல எனக்கு மனம் வராது. முன்பு டெஸ்டோஸ்டீரோன் போட்டதாலேயே பின்னால் எச்.சி.ஜி. வேலை செய்யாமல் போய்விடாது. பத்தில் ஒருவர் முதல் ஐந்தில் ஒருவர் வரை, பிறவிக் குறைவு தானாகவே ஓரளவு சரியாவதும் உண்டு. அதனால் நடுவில் மருந்தை நிறுத்திப் பார்க்க டாக்டர் சொன்னால் பயப்பட வேண்டாம். ஒன்று மட்டும்: நிச்சயத்துக்கு முன்பே பெண்ணிடம் சொல்லிவிட வேண்டும். தாம்பூலம் மாற்றிய பிறகு ரிப்போர்ட்டைப் பீரோவில் மறைத்து வைப்பது இரண்டு வீட்டையும் கெடுக்கும்.

க்ளைன்ஃபெல்டர்: இரண்டு ஊசியும் குழந்தை தராது. உடம்புக்கு டெஸ்டோஸ்டீரோன் வேண்டும், ஆனால் குழந்தை ஆசை இருந்தால் அதைத் தொடங்கும் முன்பே மைக்ரோ டீசே பற்றிக் கேட்க வேண்டும். நுண்ணோக்கி வைத்து விதைக்குள் விந்தணு இருக்கும் இடத்தைத் தேடி எடுக்கும் அறுவை சிகிச்சை அது. 1999-இல் இருந்து நடக்கிறது. இவர்களில் ஏறக்குறைய பாதிப் பேருக்குக் கிடைக்கிறது. கிடைத்தாலும் கரு உண்டாக, ஒரு விந்தணுவை முட்டைக்குள் ஊசியால் செலுத்தும் இக்சி வேண்டும், அதற்குத் தனிச் செலவு. கிடைக்காவிட்டால் தானமாகப் பெற்ற விந்தணு. 2021-இல் வந்த சட்டப்படி பதிவான வங்கி வழியாகத்தான் பெற முடியும், பிறக்கும் பிள்ளை சட்டத்தில் தம்பதியின் சொந்தப் பிள்ளை. தத்தெடுப்பதும் நல்ல வழிதான். ஆனால் வீட்டில் அந்தப் பேச்சை முதலில் எடுப்பது யார் என்பதில்தான் பெரும்பாலும் வருஷங்கள் கழிகின்றன.

நாற்பதை ஒட்டிய வயது, தொப்பை, சுகர், ராத்திரியானால் குடி, டெஸ்டோஸ்டீரோன் எல்லையை ஒட்டிக் குறைவு: இரண்டு ஊசியும் அவசரமில்லை. எடை இறங்கினாலே அளவு ஏறும். பிட்யூட்டரி பழுதாகவில்லை, அமுங்கியிருக்கிறது. குழந்தையும் வேண்டும் என்றால் சில டாக்டர்கள் க்ளோமிஃபீன் மாத்திரை எழுதுவார்கள். அது பிட்யூட்டரியைத் தட்டி எழுப்பும். ஆண்களுக்கு என்று அங்கீகாரம் பெற்ற மருந்தல்ல, ஆனாலும் பரவலாகப் பயன்படுகிறது. கால்மன் போன்றவர்களுக்கு இது வேலை செய்யாது.

ஜிம் பையன்களைத் தனியாகச் சொல்ல வேண்டும். பாக்ஸிங்கும் ஃபுட்பாலும் உடம்பு ஏற்றுவதும் வடசென்னைக்கு ரத்தத்தில் ஊறியவை, அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் மாஸ்டர் கையால் போடும் ‘கட்டிங் ஊசி’, ‘பல்க் ஊசி’ என்பவற்றில் பல இதே டெஸ்டோஸ்டீரோனோ அதன் சொந்தக்காரர்களோதான், அதுவும் மருத்துவ அளவைவிடப் பல மடங்கு. போட்டியெல்லாம் முடிந்து நிறுத்தியதும் ஹைப்போகொனாடிசம் வந்து நிற்கும்: உடம்பு மலை மாதிரி இருக்கும், விந்தணு இருக்காது. இவர்களுக்கு மறுபடி டெஸ்டோஸ்டீரோன் எழுதுவது எரிகிற இடத்தில் எண்ணெய். டாக்டரிடம் எந்த ஊசி, எத்தனை மாதம் என்று ஒளிக்காமல் சொன்னால், காத்திருப்பதா, எச்.சி.ஜி.யா, க்ளோமிஃபீனா என்று அவர் முடிவு செய்ய முடியும்.

அப்புறம் சுவரொட்டி வைத்தியர்கள். மேம்பாலத் தூணில் ‘ஆண்மைக் குறைவா? சிறுத்துப் போனதா?’ என்று ஒட்டிவிட்டு மாதம் ஒருநாள் லாட்ஜில் உட்காருகிறவர்கள். இப்படி விளம்பரம் செய்வதையே 1954-ஆம் ஆண்டுச் சட்டம் தடை செய்கிறது. முறையாகப் படித்த சித்த மருத்துவர்கள் வேறு, இவர்கள் வேறு. அந்த லேகியத்தில் என்ன இருக்கிறது என்று யாருக்கும் தெரியாது, அது போதும் அதை விட்டுவிட.

எங்கே போவது? உட்சுரப்பியல் நிபுணர் என்கிற எண்டோக்ரினாலஜிஸ்ட்தான் இதற்கு முதல் ஆள். சென்னை சென்ட்ரல் எதிரே இருக்கும் ஜி.எச்.சில், அதாவது அரசு பொது மருத்துவமனையில், அந்தத் துறை உண்டு; திருவொற்றியூர், தண்டையார்பேட்டை, வண்ணாரப்பேட்டையிலிருந்து மெட்ரோவில் வண்டி மாறாமல் போகலாம். ஸ்டான்லி அரசு ஆஸ்பத்திரி பக்கத்தில் என்றால் அங்கே பொது மருத்துவமோ யூராலஜியோ பார்த்து ஆரம்பித்து, அங்கிருந்து எழுதி வாங்கிக்கொண்டு போகலாம். அரசு ஆஸ்பத்திரியில் காலையிலேயே வரிசை பிடிக்க வேண்டும், ஒரு நாள் கூலி போகும். தனியாரிடம் போனால் ஒவ்வொரு பரிசோதனைக்கும் காசு கரையும். பரிசோதனைகளை அரசிலும் சந்தேகம் கேட்பதைத் தனியாரிலும் வைத்துக்கொள்கிறவர்கள் உண்டு, அது மோசமான ஏற்பாடில்லை. கருத்தரிப்பு மையத்துக்கு நேராகப் போகிறவர்கள், இக்சிக்குப் பணம் கட்டும் முன்பு “என் எல்.எச்., எஃப்.எஸ்.எச். என்ன? எச்.சி.ஜி. போட்டுப் பார்க்கலாமா?” என்று கேளுங்கள். மேலே பழுது உள்ளவருக்கு அந்தக் கேள்வி லட்சங்களை மிச்சப்படுத்தலாம். எழும்பூர் அரசு மகப்பேறு மருத்துவமனையிலும் கருத்தரிப்பு மையம் தொடங்கியிருக்கிறார்கள்; மனைவிக்கான பரிசோதனையை அங்கேயே சேர்த்துப் பார்த்துக்கொள்ளலாம். குறை ஆணிடம் என்று தெரிந்த பிறகும், பெண்ணைப் பரிசோதிக்காமல் விட்டு வருஷக்கணக்கில் ஊசி போடுவது வீண்.

ஏற்கனவே டெஸ்டோஸ்டீரோன் ஊசி போட ஆரம்பித்துவிட்டு இதைப் படிக்கிறவர்கள் நாளைக்கே நீங்களாக நிறுத்திவிட வேண்டாம்; திடீரென்று நிறுத்தினால் சோர்வும் மனக்கசப்பும் மொத்தமாக வந்து இறங்கும். இரண்டிலிருந்து ஏழு நாள் உறவு இல்லாமல் இருந்து ஒரு விந்துப் பரிசோதனை எடுங்கள். ஊசி தொடங்கும் முன்பு எடுத்த ரத்த ரிப்போர்ட்டையும் ஊசிச் சீட்டுகளையும் தேதி வாரியாக அடுக்கி, மனைவியையும் கூட்டிக்கொண்டு டாக்டரிடம் போய், குழந்தை வேண்டும் என்பதை முதல் வாக்கியமாகச் சொல்லுங்கள்.